மூன்று கல்லின் மேல் ஒரு தார் பீப்பாய்

புதுவாயல் கூட்டுச்சாலையிலிருந்து மேற்கே இரண்டு மைல் நடந்தால் ஆரணி ஆற்றங்கரை வயல்கள் வரும். அவற்றில் பாதிக்கு மேல் குப்புராஜ் என்ற ஒரே மனிதருக்குச் சொந்தம். அந்த வயல்களில் உழைத்தவர்களின் சேரி, வண்டிப்பாதையை ஒட்டி, மழைக்காலத்தில் முதலில் தண்ணீர் நிற்கும் பள்ளத்தில் இருந்தது. முப்பத்தாறு குடிசைகள். குடிசைகள் நின்ற மண்ணும் குப்புராஜுடையதே என்பதால் அங்கே ஒரு வழக்கம் பல தலைமுறைகளாக நடந்து வந்தது. குடிசையைச் சுற்றி யார் எதை நட்டாலும், வேர் மண்ணில் இறங்கிவிட்டால் அது பெரிய வீட்டுக்குச் சேரும். பூசணி காய்த்தால் முதல் பறி பெரிய வீட்டுக்கு. முருங்கை வளர்ந்துவிட்டால் மரமே பெரிய வீட்டுக்கு. நட்டவள் கீரை பறித்துக்கொள்ளலாம், அதுவும் கேட்டுவிட்டு.

இதை யாரும் எழுதி வைத்திருக்கவில்லை. எழுதாத சட்டத்துக்குத்தான் இந்த நாட்டில் ஆயுள் அதிகம். எழுதியிருந்தால் என்றாவது ஒருவன் படித்துப் பார்த்து, இது எந்த ஊர் நியாயம் என்று கேட்டிருப்பான்.

ரோசம்மாள் அந்தச் சேரிக்கு வாழ்க்கைப்பட்டு வந்தவள். குட்டையான உருவம், எட்டு வீட்டுக்குக் கேட்கும் குரல். வந்த முதல் ஆண்டு குடிசைக்குப் பின்னால் பூசணி விதை போட்டாள். ஏழு காய் காய்த்தது. பெரிய வீட்டுக் காரியஸ்தர் சடையப்பன் ஆள் வைத்து ஏழையும் தூக்கிப் போனார். முதல் பறி மட்டும்தானே வழக்கம் என்றால், எது முதல் பறி, எது இரண்டாம் பறி என்று முடிவு செய்கிறவரும் அவரே. ரோசம்மாள் அழவில்லை, மண்ணை வாரித் தூற்றவும் இல்லை. "நட்டாத்தானே தூக்கினு போவான்? நான் நடல" என்றாள். பன்னிரண்டு ஆண்டு நடவில்லை.

நடவுக்கும் அறுப்புக்கும் குப்புராஜின் வயல். மற்ற நாட்களில், கும்மிடிப்பூண்டி போகும் நெடுஞ்சாலையோரம் புதிதாக வந்திருந்த கம்பி ஆலையின் குவார்ட்டர்சில் தோட்டத்துக்குத் தண்ணீர் ஊற்றும் வேலை. 1967ஆம் ஆண்டு அந்தக் குவார்ட்டர்சுக்கு ராமபத்ரன் என்ற இன்ஜினியர் குடிவந்தார். அவருடைய மனைவி கோமளவல்லி திருவள்ளூரில் கோயில் கைங்கர்யக் குடும்பத்தில் பிறந்தவர். கணவரின் வேலையால் எட்டு ஆண்டு குன்னூரில் இருந்துவிட்டு, மனமில்லாமல் சமவெளிக்கு இறங்கி வந்தவர். குளிரைக் கொண்டுவர முடியாது, அதனால் குன்னூரின் ஸ்ட்ராபெரிச் செடிகளை ஈரச் சாக்கில் சுற்றி ரயிலில் கொண்டுவந்துவிட்டார்.

அந்தச் செடிகளை அவர் நட்ட விதம்தான் ரோசம்மாளைத் தூக்கிவாரிப் போட்டது. தரையில் பாத்தி கட்டவில்லை. எண்ணெய் வந்த மரப் பீப்பாய் ஒன்றை நிமிர்த்தி வைத்து, ஆலைத் தச்சனைக் கொண்டு அதன் உடம்பெங்கும் கைப்பிடி அளவு ஓட்டைகள் போட்டு, உள்ளே மண் நிரப்பி, ஓட்டைக்கு ஒரு செடி வீதம் வெளியே தலைநீட்ட வைத்தார். ஒரு குடை விரித்த இடத்தில் இருபத்தாறு செடிகள் நின்றன.

"ஏண்டி ரோசா, மேலே விட்ட ஜலம் கீழே எறங்கவே மாட்டேங்கறதே. அடி வரிசை எல்லாம் வாடிப் போறது பாரு."

"மண்ணு இறுகிக்கிச்சும்மா. எங்க ஊட்டுக்காரரு ரோடு போடுற எடத்துல, தண்ணி எறங்க நடுவுல ஜல்லி கொட்டுவாங்க. அதுமாரி இதுக்கும் நடுவுல ஜல்லி வெச்சா எறங்கும்."

பீப்பாயைக் காலி செய்து, அடியும் மேலும் வெட்டிய ஒரு நெய் டின்னை நடுவில் நிறுத்தி, டின்னுக்குள் உடைகல்லும் அதைச் சுற்றி மண்ணுமாகப் போட்டு, நிரம்ப நிரம்ப டின்னை மேலே உருவிக்கொண்டே போனாள் ரோசம்மாள். கடைசியில் டின் வெளியே வந்தது. நடுவில் கல் தூண் மாதிரி நின்றது. ஊற்றிய தண்ணீர் அதன் வழியாக அடிவரை போயிற்று. தை மாதம் பழம் சிவந்தது.

பறிப்பது ரோசம்மாளின் வேலை. அவள் பறித்துத் தந்த பழங்களைக் கோமளவல்லி அலம்பி, பெருமாளுக்குக் காட்டிவிட்டுத்தான் பிள்ளைகளுக்குக் கொடுப்பார். அதே ரோசம்மாளுக்குக் காப்பி, சுற்றுச்சுவர் மாடத்தில் தனியாகக் கிடந்த அலுமினிய டம்ளரில், ஒரு முழம் உயரத்திலிருந்து ஊற்றப்படும். அவள் கை பட்ட பழம் கடவுள் முன்னால் போகலாம். அவள் வாய் பட்ட டம்ளர் சமையலறைக்குள் போகக்கூடாது. தீட்டு என்பது பசிக்கும் ருசிக்கும் வழிவிட்டு, மனிதர்களுக்கு மட்டும் கதவடைக்கிற ஒரு கெட்டிக்காரத்தனம். கோமளவல்லி கெட்டவர் அல்ல. காய்ச்சலென்றால் மாத்திரை தருவார், சம்பளத்தில் கை வைக்க மாட்டார். கெட்டவர் அல்லாதவர்களும் சேர்ந்து காப்பாற்றுவதால்தான் இந்த வழக்கங்கள் செத்துப்போக மறுக்கின்றன.

1969 கோடையில் ராமபத்ரனுக்கு மாற்றல் வந்தது. மரப் பீப்பாய் வெந்நீர் அடுப்புக்குப் போயிற்று. வாடிய செடிகளும் மண்ணும் குப்பைமேட்டில் கொட்டப்பட்டன. ரோசம்மாள் அந்த மண்ணைக் கூடைகளில் அள்ளினாள். வெயிலில் கருகிய செடிகளுக்கு நடுவே உயிரோடிருந்த பதினொரு கொடிக்கணுக்களை ஈரத்துணியில் முடிந்தாள். ஆலை வாசலில் காவலாளி மறித்தான்.

"குப்பைனாலும் கேட் பாஸ் வோணும்மா. சீட்டு இல்லாம ஒரு ஆணி வெளிய போவாது."

ஒரே சீட்டை மை தாள் வைத்து இரண்டாக எழுதினான். 'பழைய மண் இருபது கூடை, காய்ந்த செடி.' ஒன்று அவனிடம் நின்றது. ஒன்று அவளிடம் வந்தது. அவளுக்குப் படிக்கத் தெரியாது. ஆனால் எழுத்து ஏன் இரண்டாக எழுதப்படுகிறது என்பது அந்த வாசலில் அவளுக்கு விளங்கிவிட்டது.

அவளுடைய கணவன் பாக்கியராஜ் நெடுஞ்சாலையில் தார் போடும் கூலி. அடி நசுங்கியதால் காண்டிராக்டர் கழித்துப்போட்ட தார் பீப்பாய் ஒன்றை உருட்டிக்கொண்டு வரச் சொன்னாள். அவன் வழியெல்லாம் திட்டிக்கொண்டே உருட்டி வந்தான்.

"இன்னாம்மே இது, குளிக்கத் தொட்டியா?"

"இல்லய்யா. நீ குடிச்சுட்டு வந்தா உள்ள போட்டு மூட."

"அப்ப கொஞ்சம் அகலமா பாத்து எடுத்தாந்திருப்பேனே!"

உளியும் சுத்தியும் கொண்டு, ஒரு சாண் இடைவெளியில், மேல் வரிசையும் கீழ் வரிசையும் நேருக்கு நேர் வராதபடி மாற்றி மாற்றி வெட்டினாள். வெட்டின் மேல் பக்கத்தை உள்ளே தட்டி, கீழ் உதட்டை வெளியே வளைத்தாள். முப்பத்திரண்டு வாய்கள் ஆயின. நெய் டின்னுக்குப் பதில் பாக்கியராஜின் பழைய தார் வாளி, அடி நீக்கியது. மண் கோமளவல்லியின் குப்பைமேட்டு மண். எரு தன் ஆட்டு எரு. எல்லாம் முடித்துப் பீப்பாயை மூன்று கருங்கல் மேல் ஏற்றி வைத்தாள்.

முதல் முறை தோற்றாள். தாரை முழுதாக எரிக்காமல் விட்டதால், அக்கினி வெயிலில் இரும்பு காய்ந்து, உள்ளே ஒட்டியிருந்த தார் இளகி மண்ணில் வழிந்தது. புதினா கருகியது. தண்டுக்கீரை தாரும் கீரையுமாக மணத்தது. பதினொரு கணுக்களில் ஏழு போய்விட்டன. வண்டிப்பாதையில் போன சடையப்பன் நின்று, "ரோடு போட்டியா, கீரை போட்டியாடி?" என்று கேட்டுச் சிரித்தார்.

இரண்டாம் முறை பீப்பாயைச் சாய்த்துப் போட்டு உள்ளே வைக்கோல் திணித்து மூன்று நாள் எரித்தாள். உருகிய தார் முழுக்க வழிந்தது. உட்புறம் களிமண்ணும் சாணமும் குழைத்துப் பூசினாள். வெளிப்புறம் வெயில் ஏறாமல் இருக்கச் சுண்ணாம்பு அடித்தாள். மிஞ்சிய நான்கு கணுக்களையும் வடக்குப் பக்கம் நட்டு, கோடை முழுக்க ஈரச் சாக்குப் போர்த்திக் காத்தாள். மறு ஆண்டு மழைக்காலம் முடிந்ததும் அவை கொடி ஓடிப் பெருகின. 1971 தை மாதம், சேரியின் நடுவே வெள்ளையாய் நின்ற பீப்பாயின் வடக்கு முகத்தில் பத்தொன்பது ஸ்ட்ராபெரிச் செடிகளும் மற்ற வாய்களில் புதினாவும் கீரையும் இருந்தன. குவார்ட்டர்சிலிருந்து வந்த பழத்தைச் சேரி 'கோட்ரசுப் பழம்' என்று அழைத்தது. புதினா புதுவாயல் பிரியாணிக் கடைக்குப் போயிற்று.

பழம் சிவந்த செய்தி பரவியதும் முதல் பழத்துக்கு ஆட்கள் வந்தார்கள். சேரியின் வேதக்கோயிலில் அறுப்புப் பண்டிகை வருகிறது, முதற்பலன் ஆண்டவருக்கு என்று உபதேசியார் சொல்லி அனுப்பினார். ரோசம்மாள் இடுப்பில் கைவைத்துக்கொண்டு சொன்னாள்: "எல்லாருக்கும் மொதப் பழம் வோணும். மொத தண்ணி ஊத்த ஒருத்தனும் வர்ல."

அடுத்து வந்தவர் சடையப்பன், கையில் பித்தளைத் தட்டோடு. பொங்கலுக்குக் குப்புராஜின் பெண்ணும் மாப்பிள்ளையும் சென்னையிலிருந்து வந்திருந்தார்கள். ஊட்டியில் தேனிலவின்போது தின்ற பழம் நம் சேரியிலேயே காய்க்கிறதாமே என்று மாப்பிள்ளை ஆசைப்பட்டிருந்தார்.

"ஏ ரோசா, இன்னாடி இது, தேர் மாரி நிக்க வெச்சிக்கீற? பழுத்ததெல்லாம் பறிச்சு இதுல போடு."

"தாராளமா ஆண்டே. எத்தினி பழம் வோணும்? வெல சொல்லட்டா?"

"வெலையா? யாரு மண்ணுல நின்னுகினு யாருக்கு வெல சொல்ற?"

"நான் உங்க மண்ணுல நிக்கிறேன், நெசந்தான். செடி நிக்கலியே. கொஞ்சம் குனிஞ்சு பாருங்க."

சடையப்பன் தன்னை அறியாமல் குனிந்தார். பீப்பாய்க்கும் தரைக்கும் நடுவே மூன்று கல். அந்த இடைவெளியில் ஒரு கோழி புகுந்து மறுபக்கம் போயிற்று. பக்கத்துக் குடிசைக்காரிகளான முத்தம்மாவும் சாராளும் வேலையை விட்டுவிட்டு வந்து நின்றார்கள்.

"உள்ள கீற மண்ணு? ஊர் ஏரி மண்ணுதானே அது?"

"மில்லு மண்ணு. கேட் பாஸ் கீது, படிங்க." முந்தானையிலிருந்து சீட்டை எடுத்து நீட்டினாள்.

அவர் படித்தார். உதடு அசைந்தது. "எரு?"

"என் ஆடு போட்டது. எங்க மேஞ்சதுன்னு கேப்பீங்க. ரோட்டோரம். ரோடு சர்க்காருது."

"தண்ணி?"

"ஆத்துல மொண்டது. ஆத்துக்கும் பட்டா வாங்கிட்டாரா பெரிய ஆண்டே?"

"வெயிலு ஒண்ணுதான் பாக்கி" என்றாள் சாராள். "அதுக்கும் கேட் பாஸ் கேளுங்க."

சுற்றி நின்றவர்கள் சிரித்துவிட்டார்கள். அந்தச் சேரியில் காரியஸ்தர் முன்னால் இத்தனை பேர் ஒன்றாகச் சிரித்தது அதுதான் முதல் தடவை. சடையப்பன் காலித் தட்டோடு திரும்பிப் போனார்.

பீப்பாயை உடைக்க ஆள் வருவான் என்று பாக்கியராஜ் பயந்தான். வரவில்லை. மறுநாள் குப்புராஜ் அவளைக் களத்துமேட்டுக்குக் கூப்பிட்டு அனுப்பினார். பூசணி பிடுங்குவது பழைய தலைமுறையின் வேலை. குப்புராஜ் பத்திரங்களை நம்புகிறவர். ஒருத்தி வைத்த பீப்பாய் நாளைக்கு முப்பத்தாறு பீப்பாய் ஆகும், அப்புறம் பீப்பாய் நிற்கிற மண்ணும் எங்களுடையது என்பார்கள் என்று அவர் கணக்குப் போட்டிருந்தார்.

"பீப்பா உன்னுதுன்றே. சரி, ஒத்துக்கறேன். அதுல காய்க்கிற ஒரு பழத்தைக்கூடப் பெரிய ஊடு தொடாது. மண்ணு என்னுதுன்னு நீ ஒத்துக்கறியா?"

"அது ஊருக்கே தெரியுமே ஆண்டே."

"அப்ப எழுதிக் கைநாட்டு வை."

"வெக்கிறேன். ரெண்டு எழுதுங்க. எனக்கு ஒண்ணு."

"உனக்கெதுக்குடி? படிக்கவா போற?"

"மில்லுல அப்படித்தான். வெச்சுக்கிறவன்கிட்ட ஒண்ணு, எடுத்துனு போறவகிட்ட ஒண்ணு. ஒண்ணுதான்னா நான் நாட்டு வெக்க மாட்டேன்."

குப்புராஜ் கையை அசைத்தார். சடையப்பன் எழுதினார். அவர் இளவயதில் நிலக்கணக்கு எழுதும் ஒரு கர்ணத்திடம் பத்து வருடம் எழுத்து வேலை பார்த்தவர். சின்னக் கைக்கடன் சீட்டாக இருந்தாலும், யார், யார் மனைவி, என்ன தொழில், எந்த இடம், அந்த இடத்துக்கு நான்கு பக்கமும் என்ன என்பதை எழுதாமல் அவருக்குப் பேனா நகராது. இதையும் அப்படியே, அழகான கையெழுத்தில், இரண்டு பிரதியாக எழுதினார். படித்துக் காட்டினார். பீப்பாயும் அதில் விளைவதும் ரோசம்மாளுக்கே என்ற இடத்தைச் சத்தமாகவே படித்தார். அவள் கட்டைவிரலை மையில் தோய்த்து இரண்டிலும் அழுத்தினாள். குப்புராஜும் கையெழுத்துப் போட்டார்.

ஆண்டை தன் கையெழுத்தால் ஒப்புக்கொண்ட ஒரு தாள் சேரிக்குள் வந்தது அதுவே முதல் முறை. ரோசம்மாள் அதை மடிக்காமல், நெஞ்சுக்கு நேரே இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு நடந்து வந்தாள்.

மறுநாள் பாக்கியராஜ் அதைப் புதுவாயல் டீக்கடையில், பேப்பர் வாசிக்கும் வரதனிடம் கொடுத்துப் படிக்கச் சொன்னான். வரதன் அதே சேரிக்காரன். எட்டாவது வரை படித்தவன், கடைசிக் குடிசையில் இருந்தவன். படித்து முடித்ததும் பாக்கியராஜ் நாஷ்டாவைப் பாதியில் விட்டுவிட்டு ஓடிவந்தான்.

"மோசம் போயிட்டியே! 'கேட்டபோது மனையைக் காலி செய்து கொடுப்பேன்'னு எழுதிக்கீதாம். நீ கைநாட்டு வெச்சிக்கீற!"

"அத்த அவன் படிக்கலியே."

"அவன் எப்படிப் படிப்பான்? பேஜாரு புடிச்சவளே, நாலு பழத்துக்கு ஊட்டையே குடுத்துட்டியே!"

சடையப்பன் ஒரு வரியை விழுங்கியிருந்தார். படிக்கத் தெரியாதவளுக்குப் படித்துக் காட்டுகிறவன் ஒரு வரியை விழுங்குவது திருட்டு. எழுத்தைப் பல நூற்றாண்டுகளாக ஒரு கூட்டத்துக்கு மட்டும் பூட்டி வைத்திருந்த நாட்டில் அதற்குச் சாமர்த்தியம் என்று பெயர். அந்த வாரமே ரோசம்மாள் தாளை எடுத்துக்கொண்டு வரதனிடம் போனாள். ஒரு தடவை அல்ல, தினமும். முழுத் தாளும் எழுத்துக்கு எழுத்து மனப்பாடமாகும்வரை படிக்கச் சொன்னாள்.

சித்திரையில் ஆள் வந்தது. ஆடி பிறப்பதற்குள் குடிசையைப் பிரித்துக்கொண்டு போய்விட வேண்டும். அதற்குள் சேரியில் எட்டுத் தார் பீப்பாய்கள் நிமிர்ந்திருந்தன. இவளை வெளியேற்றினால் மற்றவை தானே கவிழும் என்பது குப்புராஜின் திட்டம். போக்கிடம் எது? அவள் அப்பன் வீடும் இன்னொரு ஆண்டையின் மண்ணில்தான் நின்றது. அந்த ஒரு பள்ளம் போனால் நெடுஞ்சாலை ஓரம்தான்.

ஆடியும் வந்தது. ரோசம்மாள் பிரிக்கவில்லை. குப்புராஜ் கேட்டு அனுப்பியபோது, "செடி காய்ப்புல கீதுன்னு சொல்லு" என்று பதில் அனுப்பினாள். அப்போது ஸ்ட்ராபெரி காய்க்கிற காலமே இல்லை.

அந்த ஆண்டின் நடுவில்தான் அரசாங்கம் ஒரு சட்டம் கொண்டுவந்தது. இன்ன நாளில் அடுத்தவர் மனையில் குடியிருந்த விவசாயக் கூலிகளுக்கு, அந்தக் குடியிருப்பு மனை அவர்களுக்கே சொந்தமாகும் என்பது அதன் சாரம். டீக்கடையில் வரதன் இந்தச் செய்தியைப் படித்தபோது ரோசம்மாள் புதினாக் கட்டோடு நின்றிருந்தாள்.

"திருப்பிப் படி."

படித்தான்.

"மண்ணு யாருதுன்னு கேக்குதா அதுல?"

"இல்லக்கா. அடுத்தவன் மண்ணுதான்னு அதுவே சொல்லுது. அதுல யாரு குடிகீறாங்கன்னுதான் கேக்குது."

"கூலி வேலை செய்றவங்களான்னு கேக்குதா?"

"கேக்குது."

ரோசம்மாள் கண்ணை மூடிக்கொண்டு, உதட்டை அசைத்து, தன் தாளைத் தலையிலிருந்து கால்வரை ஒருமுறை ஓட்டிப் பார்த்தாள். பிறகு புதினாக் கட்டை மேசைமேல் வைத்தாள். "இன்னிக்கு டீ என் செலவு" என்றாள்.

விசாரணை மறு ஆண்டுதான் வந்தது. ஊர்ச் சாவடியில் மேசை போட்டு ஒரு அதிகாரி உட்கார்ந்தார். சேரி ஜனம் வழக்கப்படி வாசலுக்கு வெளியே, வெயிலில் நின்றது. குப்புராஜ் உள்ளே நாற்காலியில் இருந்தார். அவர் சொன்னது எளிமையானது. அது தன் மாட்டுக்கொட்டகை இடம். அங்கே யாரும் குடியிருந்ததே இல்லை. இவர்கள் விவசாயக் கூலிகளும் இல்லை. ரோடு போட வந்த கூட்டம், சட்டம் வந்த பிறகு வந்து குடிசை போட்டுக்கொண்டது.

"உங்களுக்கு ரேஷன் கார்டு இருக்கா?" என்று அதிகாரி வெளியே பார்த்துக் கேட்டார்.

இல்லை. கதவு எண் இருந்தால்தான் கார்டு. பஞ்சாயத்து தந்தால்தான் கதவு எண். பஞ்சாயத்துத் தலைவர் குப்புராஜ். மூன்று தலைமுறை வாழ்ந்த மனிதர்களை ஒரு எண் தராமலேயே இல்லாதவர்களாக ஆக்கிவிட முடிந்தது. பில்லி சூனியம் செய்கிறவர்கள் இந்த வித்தையைப் பார்த்துப் பாடம் கற்க வேண்டும்.

"எழுத்து ஏதாவது இருக்கா யார்கிட்டயாவது? ரசீது, சீட்டு, எதுவானாலும்?"

"கீது சார்" என்றாள் ரோசம்மாள்.

பாக்கியராஜ் அவள் முழங்கையைப் பிடித்தான். "வாணாம்மே. மண்ணு அவருதுன்னு அதுல எழுதிக்கீது. நீயே போய் அவுரு கையில கத்தி குடுக்கிறியா?"

"அவருதுதான், யாரு இல்லன்னா? அத்தத்தான் சட்டம் எடுத்து நமக்குக் குடுக்குது. உடு கைய."

சாவடிப் படியில் கால் வைத்தாள். "ஏய், அங்கியே நில்லு" என்றார் சடையப்பன். அதிகாரி தலை நிமிராமலே, "உள்ள வாங்கம்மா" என்றார். அந்தப் படியை மிதித்த முதல் சேரிப் பெண் அவள். படி இடிந்து விழவில்லை.

அதிகாரி தாளைப் படித்தார். பாதியில் நிறுத்தி, முதலிலிருந்து சத்தமாகப் படித்தார். "'1971ஆம் வருஷம் ஜனவரி மாதம் இருபத்திரண்டாம் தேதி, குப்புராஜ் அவர்களின் நிலத்தில் கூலி வேலை செய்துவரும் பாக்கியராஜ் மனைவி ரோசம்மாள் எழுதிக்கொடுத்தது. மேற்படியார் நிலத்தில் நான் குடியிருந்துவரும் மனைக்குச் செக்குபந்தி: கிழக்கே முத்தம்மா குடியிருக்கும் குடிசை, வடக்கே சாராள் குடியிருக்கும் குடிசை, மேற்கே வண்டிப்பாதை...' இது உங்க கையெழுத்துதானே, குப்புராஜ்?"

குப்புராஜ் நாற்காலியில் திரும்பிச் சடையப்பனைப் பார்த்தார். "உன்னை யாருய்யா இவ்ளோ எழுதச் சொன்னது?"

"செக்குபந்தி இல்லாம எப்படிங்க பத்திரம்..." என்று இழுத்தார் சடையப்பன்.

"சார், கடைசியில பாருங்க" என்றார் குப்புராஜ் சுதாரித்துக்கொண்டு. "கேட்டா காலி பண்ணித் தரேன்னு அவளே கைநாட்டு வெச்சிருக்கா."

"பார்த்தேன். ஆனா ஆளே இல்லாத மாட்டுக்கொட்டகையைக் காலி பண்ணித் தரச் சொல்லி யார் எழுதி வாங்குவாங்க?" அதிகாரி பேனாவைத் திறந்தார். "ஏம்மா, இந்த வரி தெரிஞ்சுதான் கைநாட்டு வச்சீங்களா?"

"இல்ல சார். அந்த வரிய மட்டும் முழுங்கிட்டு படிச்சாரு. மத்த வரி எல்லாம் இப்ப எனக்குத் தெரியும். சொல்லட்டா?"

தாளைப் பார்க்காமலே, தேதியிலிருந்து கைநாட்டு வரை, கர்ணத்து எழுத்துத் தமிழில், ஒரு சொல் பிசகாமல் சொன்னாள். எட்டு வீட்டுக்குக் கேட்கும் அந்தக் குரல் சாவடியைத் தாண்டி, வெயிலில் நின்ற எல்லோருக்கும் கேட்டது. முத்தம்மாவுக்குத் தன் பெயர் ஒரு பத்திரத்தில் இருக்கிறது என்பது அப்போதுதான் தெரிந்தது.

அதிகாரி ரோசம்மாள் பெயரை எழுதிவிட்டு நிமிர்ந்தார். "முத்தம்மா, சாராள் வந்திருக்கீங்களா? உள்ள வாங்க. முத்தம்மா, உங்க குடிசைக்குக் கிழக்க யாரு?"

முத்தம்மா படியேறி வந்து, முதலில் குப்புராஜைப் பார்த்தாள், பிறகு பார்க்கவில்லை. பக்கத்துக் குடிசைக்காரியின் பெயரைச் சொன்னாள். அவள் தன் பக்கத்துக்காரனைச் சொன்னாள். ஒவ்வொருவராகப் படியேறினார்கள். ஒருவருக்கு ஒருவர் எல்லை, ஒருவருக்கு ஒருவர் சாட்சி. மறுக்கப்போன குப்புராஜிடம் அதிகாரி, உங்கள் காரியஸ்தரே தொடங்கி வைத்ததுதானே என்றார். பட்டாத் தாள்கள் கைக்கு வர மேலும் பதினான்கு மாதம் அலைய வேண்டியிருந்தது என்பது வேறு விஷயம். பெயர்கள் அன்றைக்கே ஏறின.

பிற்பகல் மூன்று மணிக்குக் கடைசிக் குடிசைக்கு வந்தார்கள். வரதன் சட்டைப் பொத்தானைப் போட்டுக்கொண்டு மேசை முன்னால் நின்றான்.

"உங்க மனைக்குக் கிழக்க?"

"அதுக்கு அப்பால குடிசை இல்ல சார். குப்புராஜு வயலு" என்றான் வரதன். "அவுரு பேரையும் எழுதிக்குங்க. எங்களுக்கு அந்தப் பக்கம் அவுருதான் எல்லை."